மரியாள் ஓடிய படம்

சென்னை ஸ்டூடியோவில் கூரைக்குக் கீழே மழை பெய்ய வைத்தவன் நான். இரண்டு நடிகர்களை ஏற்றிக்கொண்டு ஒரு ரதத்தை வானத்தில் ஓட விட்டவன் நான். கயிறு எங்கே இருக்கிறது என்று காமிராக்காரருக்கே தெரியாது. கட்டில் அளவில் ஓர் அரண்மனையைக் கட்டி, அது எரிந்தபோது கொட்டகையில் இருந்தவர்களை அலற வைத்தவன் நான். பாம்பு, பூதம், கடல், புயல் எல்லாம் இந்தக் கை செய்தவை. கடைசியில் நானே படம் தயாரித்தேன். தயாரிப்பாளர் என்று என் பெயரை ஆள் உயரத்துக்குத் திரையில் பார்த்தேன். இவ்வளவையும் செய்தவன், ஏம்பலத்தில் வண்டிச் சக்கரத்துக்கு ஆரக்கால் செதுக்கிக்கொண்டிருந்தவன். இரண்டாம் வகுப்பைத் தாண்டாதவன்.

சென்ற வாரம் இந்தத் தொடரில் புயல் காட்சியைப் படித்துவிட்டு ஒரு வாசகர், "பெரியவரே, கொஞ்சம் அடக்கி வாசியுங்கள்" என்று எழுதியிருக்கிறார். என் எழுத்துப் பிழைகளைத் திருத்தும் உரிமையை ஆசிரியருக்குக் கொடுத்திருக்கிறேன். பெருமையைத் திருத்தும் உரிமையை யாருக்கும் கொடுக்கவில்லை.

ஆனால் மேலே சொன்ன எதுவும் என் பெரிய வேலை இல்லை. என் பெரிய வேலை, கட்டைவிரலால் ஓட்டிய ஒரு படம். அதைப் பார்த்தவர்கள் மூன்று பேர். இருவர் இப்போது இல்லை.

கையில் கத்தரிக்கோல்

பாகூர் ஏரிக்கரையை ஒட்டிய ஒரு கூரை வீடு. பட்டப்பகல். பாயில் என் கூட்டாளி ஆரோக்கியம் படுத்திருக்கிறான். நெஞ்சு நோய். இருமி இருமி விலா எலும்பெல்லாம் தெரிகிறது. தலைமாட்டில் அவன் மனைவி சவரியம்மாள் கஞ்சியை ஆற்றிக்கொண்டிருக்கிறாள்.

என் மடியில் ஒரு நீளமான காகிதச் சுருள். அதில் தீப்பெட்டிப் படம் அளவுக்குச் சின்னச் சின்னப் படங்கள், ஒன்றன்பின் ஒன்றாக. எல்லாவற்றிலும் ஒரே சிறுமி. அவர்களுடைய ஒரே மகள் மரியாள். காலரா கொண்டுபோன பிள்ளை.

அந்தப் படங்களை வரிசையாக ஓட்டினால் அவள் ஓடுவாள். அதை ஒரு தடவை பார்த்துவிட வேண்டும். ஆரோக்கியத்துக்கு மிச்சமிருந்த ஆசை அது ஒன்றுதான். ஓட்டிக் காட்டும் இயந்திரமோ எங்கள் கையில் இல்லை. சுருளை வெட்டினால் ஒரு வழி உண்டு. ஆனால் வெட்டிவிட்டால் பிறகு எந்த இயந்திரத்திலும் அது ஓடாது.

"இன்னாடா யோசிக்கிற? கத்திரிக்கோலு கனக்குதா?" என்றான் ஆரோக்கியம்.

கனக்கத்தான் செய்தது. ஏன் என்று சொல்லக் கொஞ்சம் பின்னால் போகவேண்டும்.

குடை பிடித்த நரி

பிரெஞ்சுக்காரன் காலத்தில் புதுச்சேரித் துறைமுகக் கடைகளில் ஜப்பான் சாமான் வந்து குவியும். தகர ரயில், ரப்பர் பந்து, கண் மூடித் திறக்கும் பொம்மை. பாகூரில் பெரிய பண்ணை என்று எல்லாரும் சொல்லும் தெய்வநாயகம், தன் பேரனுக்குக் காது குத்தியபோது அங்கிருந்து ஒரு தகரப் பெட்டி வாங்கி வந்தார். பக்கத்தில் கைப்பிடி, முன்னால் கண்ணாடி, உள்ளே ஒரு காகிதச் சுருள். கைப்பிடியைச் சுற்றினார்கள், சுற்றவில்லை. எனக்கு ஆள் வந்தது.

"சக்கரம் சுத்தலைன்னா ஒன்னத்தான்டா கூப்புடணும்" என்றார் பெரிய பண்ணை.

பெட்டியைப் பிரித்துப் பார்த்தேன். ஒரு பல் வளைந்திருந்தது. உளி முனையால் நிமிர்த்தினேன். கார்பைடு விளக்கை உள்ளே வைத்து, நெல் கிடங்கின் கதவைச் சாத்தி, வெள்ளையடித்த சுவரைப் பார்த்துச் சுற்றினேன். விளக்கு வெளிச்சம் காகிதத்தில் பட்டு, கண்ணாடி வழியாகச் சுவரில் விழுந்தது. ஒரு நரி வந்தது. குடை பிடித்துக்கொண்டு நடந்தது. மழை வந்ததும் குடையை மூடி வைத்துவிட்டு வாலைத் தலைக்கு மேல் பிடித்துக்கொண்டது.

நான் சிரித்தேன். எனக்குப் பின்னால் யாரோ அழுகிற சத்தம் கேட்டது. அந்த வீட்டில் விசேஷத்துக்குச் சுவரில் யானையும் வாழையும் எழுத வந்திருந்த ஆரோக்கியம்.

கோயில் சுதைச் சிலைக்கும் மாதா சுரூபத்துக்கும் ஒரே கையால் வர்ணம் போடுகிறவன் அவன். ஒதியம்பட்டில் பிறந்து பாகூரில் பெண் எடுத்தவன். அவனுடைய காளி முறைப்பாள், அவனுடைய மாதா இரக்கப்படுவாள். அவ்வளவு பெரிய கை.

"காயிதம்தான? வரைஞ்ச படம்தான?" என்று கேட்டான்.

"ஆமாம், வரைஞ்சதுதான்."

"அப்போ நானு வரைஞ்சா அதுவும் நடக்குமா?"

"நடக்கும். நான் நடக்க வெப்பேன்" என்றேன்.

அன்றைக்கு அந்தக் கிடங்கில் உரக்கச் சொன்ன அந்த வார்த்தைதான் என் தொழில். ஸ்டூடியோ எல்லாம் பிறகு வந்தவை.

சுருளின் கடைசியில் நரி போன பிறகு சில கட்டங்களில் படம் இல்லை. ஜப்பான் எழுத்து மட்டும் இருந்தது. ஆரோக்கியம் அதை விரலால் தடவினான்.

"இது இன்னாடா?"

"பேரா இருக்கும்."

"வரைஞ்சவன் பேரா, பெட்டி செஞ்சவன் பேரா?"

எனக்கு எப்படித் தெரியும்? தமிழே எழுத்துக் கூட்டித்தான் படிப்பேன். ஆனால் எங்கோ ஒருவன் நரியை நடக்க வைத்துவிட்டுத் தன் பெயரையும் போட்டிருக்கிறான் என்பது எனக்குப் பிடித்திருந்தது. "நம்ம சுருள்லயும் கடைசில எடம் வுட்டுடலாம்டா" என்றேன்.

முட்டி என்னுடையது

நான் செய்ய நினைத்தது பறக்கும் குதிரைப் படம். டிக்கெட் போட்டுக் காட்டலாம் அல்லவா? ஆரோக்கியம் கேட்கவில்லை.

"எம் பொண்ணு ஓடுவா. அதான் படம்."

"பொண்ணு ஓடுறத பாக்க எவன்டா வருவான்? தெருவுல தெனமும் ஓடுதுங்க."

"என்து ஓடல" என்றான்.

அதற்கு மேல் நான் பேசவில்லை. தயாரிப்பாளர் என்றால் எப்போது பேச்சை நிறுத்த வேண்டும் என்று தெரிந்திருக்க வேண்டும். பல முதலாளிகளுக்கு இது தெரியாது.

ஒவ்வொரு படமும் ஒரே இடத்தில் விழாவிட்டால் பிள்ளை குதித்துக் குதித்து வருவாள், ஓட மாட்டாள். அதற்கு நான் ஒரு பலகை செய்தேன். இரண்டு முளை அடித்து, காகிதத்தின் ஓட்டைகளை அதில் மாட்டினால் இம்மி நகராது. ஓட்டை போடும் இரும்பைக் கொல்லரிடம் உட்கார்ந்து அடித்து வாங்கினேன். பல வருஷம் கழித்து ஸ்டூடியோவில் வெள்ளைக்காரன் கொண்டுவந்த பலகையைப் பார்த்தேன். அதே முளை. அவன் எனக்குப் பின்னால் கண்டுபிடித்திருப்பான்.

அடுத்த சிக்கல், ஓடும்போது கால் எங்கே போகிறது என்பது. ஆரோக்கியம் வரைந்ததெல்லாம் நிற்கிற தெய்வங்கள். ஓடுகிற தெய்வத்தை அவன் பார்த்ததில்லை.

"நீ ஓடுடா, நானு பாக்கறேன்" என்றான்.

ஏரிக்கரையில், வேட்டியை முழங்காலுக்கு மேல் தூக்கிக் கட்டிக்கொண்டு ஓடினேன். ஒரு கையில் பாவாடையைப் பிடித்துக்கொண்டு ஓடுவது மரியாளின் வழக்கமாம். அதனால் வேட்டி முனையையும் பிடித்துக்கொண்டு ஓடினேன். நாற்று நட்டுக்கொண்டிருந்த பெண்கள் நிமிர்ந்து பார்த்தார்கள்.

"யோவ் கோதண்டம், பின்னால யாருய்யா தொரத்தறது?"

"பொண்டாட்டி சோறாக்கிட்டாளாம்டி, அதான் இவ்ளோ வேகம்!"

"சிரிக்காதீங்கடி, அண்ணன் சினிமால ஓடுது!"

நான் நின்றால் ஆரோக்கியம் கத்துவான். "இன்னொரு வாட்டிடா! முட்டி சரியா தெரியல!" அப்படி ஒரு பருவம் முழுக்க ஓடினேன். அந்தப் படத்தில் முகம் மரியாளுடையது. முட்டி என்னுடையது. இதை எவனும் மறுக்க முடியாது.

கண் இல்லாத மரியாள்

படம் வளர்ந்துகொண்டே போனது. ஏரிக்கரையின் அந்தக் கோடியிலிருந்து ஒரு புள்ளியாகக் கிளம்பி, வளர்ந்து வளர்ந்து, முகம் கட்டம் முழுக்க நிறைகிற வரைக்கும் வருகிறாள். ஆனால் ஒரு படத்திலும் கண் கிடையாது. புருவத்துக்குக் கீழே வெற்றுக் காகிதம்.

இது அவர்கள் தொழில் வழக்கம். சுதையோ சுரூபமோ, எல்லாம் முடித்து, கடைசியில்தான் கண் திறப்பார்கள். அன்று சாப்பிடாமல், யாரிடமும் பேசாமல், ஒரே உட்காரலில் திறக்க வேண்டும்.

"படத்த வரைஞ்சிக்கினே அப்பப்போ கண்ணு போட்டுடேன்டா. இவ்ளோ படத்துக்கும் ஒரே நாள்ல எப்டிப் போடுவ?" என்று கேட்டேன்.

"ஒரு ஆளுக்கு ஒரு வாட்டிதான் கண்ணு தொறக்கணும். நாலு நாளு தொறந்தா நாலு ஆளாப் பூடும்."

"சரி, கண்ணு இல்லாமயே ஒரு தடவ பெட்டில வெச்சி ஓட்டிப் பாக்கலாம். கால் சரியா வருதான்னு தெரியும்."

அவன் என்னைப் பார்த்த பார்வை இன்னும் மறக்கவில்லை. "கண்ணு தெரியாத புள்ளய ஏரிக்கரைல ஓட வுடுவியா? வுழுந்துட மாட்டா?"

காகிதத்தில் இருக்கிற பிள்ளை எப்படி விழும் என்று நான் கேட்டிருக்கலாம். சவரியம்மாள் பக்கத்தில் இருந்தாள். கேட்கவில்லை.

பெட்டி அப்போது பெரிய பண்ணை வீட்டில் சும்மாத்தான் கிடந்தது. கேட்டால் கொடுத்திருப்பார். அந்த வழக்கம் மட்டும் குறுக்கே வந்திராவிட்டால், ஆரோக்கியம் உடம்பு நன்றாக இருந்தபோதே தன் மகளைச் சுவரில், ஆள் உயரத்துக்குப் பார்த்திருப்பான்.

ஏரிக்குப் போன பெட்டி

உலகச் சண்டை வந்தது. ஜப்பான்காரன் எதிர்ப்பக்கம் இறங்கினான். சென்னையில் ஜனங்கள் மூட்டை கட்டுகிறார்கள் என்று பஸ்ஸில் வந்தவர்கள் சொன்னார்கள். ஒருநாள் பாகூருக்கு மேலே ஒரு விமானம் போனது. யாருடையது என்று யாருக்கும் தெரியாது. தெரியாததால் எல்லாருக்கும் தெரிந்துவிட்டது.

"பெரிய பண்ணை வூட்ல ஜப்பான் பொட்டி ஒண்ணு இருக்குதாமே. அதுலேந்து வெளிச்சம் அடிச்சித்தான் ஏரோப்ளேன கூப்புட்றாங்களாம்."

"நரி ஒண்ணு வருமாம்பா சொவுத்துல. அதான் அவுங்க கொடியாம்."

நான் ஓடினேன். இந்தத் தடவை பெண்கள் சிரிக்கவில்லை. பெரிய பண்ணை வாசலிலேயே நின்றார்.

"பொட்டி இல்லடா. ஏரில வீசிட்டேன்."

"அய்யா! இன்னும் கொஞ்ச நாள்தான் அய்யா. கண்ணு மட்டும்தான் பாக்கி."

"குண்டு வந்து வுழுந்தா ஒன் பொம்மையா தாங்கும்? போடா."

கோடையில் ஏரி வற்றியதும் சேற்றில் இறங்கித் தேடினேன். மீன் பிடிக்கிறவர்கள், "இன்னா கோதண்டம், வெராலா?" என்றார்கள். "ஒங்க பாட்டன் பல்லு" என்றேன். இடுப்பளவு சேறு. தகரம் ஒன்று தட்டுப்பட்டது. உடைந்த குடம்.

நானே ஒரு பெட்டி செய்தேன், மரத்தில். சக்கரம் சுற்றியது, காகிதம் ஓடியது, எல்லாம் பிரமாதம். ஆனால் முன்னால் வைக்கிற கண்ணாடிக்கு எங்கே போவேன்? சண்டைக் காலத்தில் புதுச்சேரியில் விளக்குச் சிம்னியே கிடைக்கவில்லை. ஒரு கிழவரின் மூக்குக் கண்ணாடியை வாங்கி வைத்து, நான் கிறுக்கிய காகிதம் ஒன்றை ஓட்டிப் பார்த்தேன். சுவரில் விழுந்தது ஓர் அழுக்கு. ஆரோக்கியம் அதைப் பார்த்து, "மூடுடா, போதும்" என்றான். அதற்குள் அவனுக்கு இருமலில் ரத்தம் வர ஆரம்பித்திருந்தது.

கண் திறந்த நாள்

ஒரு காலை அவனே எழுந்து உட்கார்ந்தான். குளித்திருந்தான். சவரியம்மாள் விளக்கு மையைக் குழைத்து வைத்தாள். என்னைக் கைச் சைகையால் கூப்பிட்டான். படத்தை ஒவ்வொன்றாக முளையில் மாட்டிக் கொடுக்க வேண்டியது என் வேலை.

காலையில் தொடங்கி வெயில் சாயும் வரைக்கும். தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. இருமல் வந்தால் தூரிகையை உயர்த்திப் பிடித்துக்கொண்டு இருமுவான், பிறகு தொடுவான். கை நடுங்கியது. ஒரு படத்தில் கருவிழி கொஞ்சம் இடப்பக்கம் போனது. இன்னொன்றில் கொஞ்சம் மேலே. எவ்வளவு அழகாக வரைந்தாலும் ஓட்டிப் பார்க்க நமக்குப் பெட்டி இல்லையே என்று நினைத்துக்கொண்டேன். கடைசிக் கட்டத்தில், பெரிய முகத்தில், இரண்டு பெரிய கண்கள். தூரிகையைக் கீழே வைத்துவிட்டுச் சரிந்தான்.

மறுநாள்தான் முதலில் சொன்ன கத்தரிக்கோல் நாள்.

வெட்டு

அப்போது என் மனதில் இருந்தது இதுதான். சண்டை முடியும். கண்ணாடி கிடைக்கும். சுருளைத் தோளில் போட்டுக்கொண்டு சென்னைக்குப் போவேன். "இந்தா பார், பாகூரில் செய்தது" என்று ஸ்டூடியோ வாசலில் நிற்பேன். ஆரக்கால் செதுக்குகிறவனுக்கு உள்ளே போக வேறு சாவி கிடையாது. அந்தச் சுருள்தான் சாவி.

ஆனால் பாயில் இருப்பவன் சண்டை முடிகிற வரைக்கும் இருக்க மாட்டான்.

சவரியம்மாள் மெதுவாகச் சொன்னாள். "அண்ணே, ஒங்க ஒழைப்பும் அதுல இருக்குது. ஒங்க இஷ்டம்."

"இஷ்டம் இன்னா இஷ்டம்" என்றேன். வெட்டினேன்.

முதல் வெட்டுதான் கஷ்டம். பிறகு வெட்டிக்கொண்டே போகலாம். கட்டம் கட்டமாகப் பாயில் விழுந்தாள். வரிசை மாறாமல் அடுக்கினேன். ஓரத்து ஓட்டைகளில் ஊசி நூலைக் கோத்து, ஒரு பக்கம் இறுக்கித் தைத்தேன். உள்ளங்கையில் அடங்குகிற ஒரு குட்டிப் புத்தகம். சுருளின் வால் மட்டும் மிச்சம். பெயர் எழுத விட்டிருந்த வெற்றுக் கட்டங்கள். அதை வெட்டாமல் மடியில் செருகிக்கொண்டேன்.

அவன் முகத்துக்கு நேரே பிடித்து, கட்டைவிரலால் மடமடவென்று விட்டேன்.

மரியாள் ஓடி வந்தாள்.

அந்தக் கோடியில் புள்ளி. பிறகு பாவாடை. ஒரு கை வீசுகிறது, ஒரு கை பாவாடை முனையைப் பிடித்திருக்கிறது. கிட்டே, கிட்டே, முகம். நடுங்கிய கை போட்ட கண் அல்லவா? ஒவ்வொரு படத்திலும் ஒரு மயிரிழை தள்ளி இருந்ததால், ஓட்டும்போது அந்தக் கண் ஓரிடத்தில் நிற்கவில்லை. இப்படியும் அப்படியும் அலைந்தது. நான் செய்த எந்தப் பலகையும் அதைச் செய்யாது. ஸ்டூடியோவில் எத்தனையோ பொம்மைக்குக் கண் வைத்திருக்கிறேன். எதுவும் அப்படிப் பார்த்ததில்லை.

"கண்ணு ஏன் இப்டி அலையுது?" என்றேன்.

சவரியம்மாள்தான் சொன்னாள். "வூட்டத் தேடுறா."

ஆரோக்கியம் வாயைத் திறந்து மூச்சு வாங்கினான். "திருப்பி வுடுடா."

விட்டேன்.

"திருப்பி."

விட்டேன். கட்டைவிரல் தோல் உரிந்தது. "மெதுவாடா, கோதண்டம். அவ்ளோ வேகமா வந்தா அவளுக்கு மூச்சு வாங்கும்." மெதுவாக விட்டேன். அவன் சிரித்தான். "முட்டி ஒன்துதாண்டா. கழுத முட்டி. எம் பொண்ணுக்குப் போயி ஒன் முட்டிய வெச்சிட்டேன்."

பிறகு, "பேரு எய்தலயேடா" என்றான்.

"நீ எயுந்து ஒக்காரு, எய்திக்கலாம்" என்றேன்.

அவன் எழுந்து உட்காரவில்லை. அந்த வாரமே போய்விட்டான். சவப்பெட்டியில் வைக்கும்போது சவரியம்மாள் அந்தக் குட்டிப் புத்தகத்தை அவன் கைக்குள் வைத்து மூடினாள். என்னைத் திரும்பிப் பார்த்தாள். தலையாட்டினேன். மரியாளுக்குப் பக்கத்துக் குழிதான்.

கூப்பிடு தூரம்

சண்டை முடிந்த பிறகு ஒரு பண்டிகைக்குப் பெரிய பண்ணை வீட்டில் கூட்டம். நெல் கிடங்குக் கதவைச் சாத்தியிருந்தார்கள். உள்ளே பிள்ளைகள் சிரிக்கிற சத்தம். கதவைத் தள்ளினேன். சுவரில் நரி குடை பிடித்து நடந்துகொண்டிருந்தது.

"அய்யா, ஏரில வீசிட்டேன்னீங்களே?"

"வீசுவனாடா? நெல்லுக்குள்ள பொதச்சி வெச்சிருந்தேன்."

"எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லியிருக்கலாமே அய்யா."

"ஒங்கிட்ட சொன்னா மறுநாளே ஏம்பலம் வரைக்கும் தெரிஞ்சிருக்கும். ஒன் வாயி அப்டி."

கதவைச் சாத்திவிட்டு வெளியே வந்தேன். ஆரோக்கியம் படுத்திருந்த வீட்டுக்கும் அந்தக் கிடங்குக்கும் கூப்பிடு தூரம். அவன் இருமினால் அங்கே கேட்கும்.

சென்னைக்குப் போனேன். "முன்னால் என்ன செய்திருக்கிறாய்?" என்று கேட்டார்கள். "ஒரு பெண்ணை ஓட வைத்தேன்" என்றேன். "காட்டு" என்றார்கள். மடியிலிருந்து வெற்றுக் காகிதத்தை எடுத்துக் காட்டவா முடியும்? பலகை சுமக்கிற வேலை கொடுத்தார்கள். அங்கிருந்துதான் ரதமும் மழையும்.

என் பங்கு

இப்போது இதையெல்லாம் எழுதுவதற்குக் காரணம் இருக்கிறது. பாகூரில் சமீபத்தில் ஒரு விழா மலர் போட்டிருக்கிறார்கள். அதில் அந்தத் தகரப் பெட்டியின் போட்டோ. இந்தச் சுற்றுவட்டாரத்துக்கு அசையும் படத்தைக் கொண்டுவந்த முன்னோடி என்று பெரிய பண்ணையின் பெயர். கீழே பொடி எழுத்தில், உள்ளூரில் யாரும் படம் தயாரித்ததற்குச் சான்று கிடைக்கவில்லை என்று ஒரு வரி.

சான்று கிடைக்காதுதான். அது கல்லறையில், ஒருவன் கைக்குள் இருக்கிறது. அதை யாரும் தோண்ட வேண்டாம்.

மலர் போட்டவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். பெட்டி வாங்கியவரின் பெயர் இருக்கட்டும். அதை நான் எடுக்கச் சொல்லவில்லை. அடுத்த பதிப்பில் எங்கள் படத்துக்கும் ஓர் இடம் வேண்டும். பெயர் எழுத விட்ட அந்த வெற்றுத் துண்டு பழுப்பேறி இன்னும் என்னிடம் இருக்கிறது. அதில் எழுத வேண்டியதை இங்கே எழுதுகிறேன். ஒரு எழுத்து குறையாமல் அப்படியே போடுங்கள்.

ஓடியவள் மரியாள்.

வரைந்து கண் திறந்தவன் அவள் அப்பன் ஆரோக்கியம்.

மை குழைத்தவள் சவரியம்மாள்.

முட்டியும், முளைப் பலகையும், வெட்டும் ஏம்பலம் கோதண்டபாணி.